நீல நூல் நாற்பத்தொன்று

கறையக்காவைப் பற்றிப் பேச வருகிறவர்கள் எல்லோரும் கதையை வாலில் பிடித்துத்தான் தூக்குகிறார்கள். "ராணுவக்காரன் சட்டையில பொடியக் கலந்து துவைச்சு ஜெயிலுக்குப் போனாளே, அவதானே?" என்பார்கள். கேட்கிறபோதே எனக்குப் பற்றிக்கொண்டு வரும். ஜெயிலில் இருந்தது பதினொரு மாதம். அதற்கு முன்னால் நாற்பத்தாறு வருடம் அவள் வாழ்ந்திருக்கிறாள். அதில் ஒன்பது வருடம் அவளுக்குப் பக்கத்து மேஜையில் இஸ்திரி போட்டவள் நான். வாய் இருக்கிறவன் எல்லாம் சொல்லி முடித்தாயிற்று. கண்ணால் பார்த்தவள் இப்போது சொல்கிறேன்.

பதினேழு வயதில் ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் வேலைக்குச் சேர்ந்தாள். அங்கே வருகிற துணியில் எது இருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை. மற்றவர்கள் மூக்கைப் பொத்திக்கொண்டு கொதிக்கிற அண்டாவில் தூக்கிப் போடுவார்கள். இவள் ஒவ்வொரு கறையையும் வெளிச்சத்தில் விரித்துப் பார்ப்பாள். எண்ணெய்க்குச் சுண்ணாம்புத் தூள், துருவுக்கு எலுமிச்சையும் உப்பும், பெயிண்டுக்குத் தின்னர், ரத்தத்துக்குப் பச்சைத் தண்ணீர். "ரத்தத்துக்கு மட்டும் சூடு காட்டாதே. சூடு காட்டினா பிடிச்சுக்கும். அப்புறம் நூலைத்தான் வெட்டணும்" என்று எனக்கு எத்தனை தடவை சொல்லியிருப்பாள். கறையக்கா என்ற பெயர் அங்கேதான் ஒட்டிக்கொண்டது. அது மட்டும் எந்தத் தண்ணீருக்கும் போகவில்லை.

கல்யாணம் ஆகியிருந்தது. இரண்டாவது வருடமே மாப்பிள்ளை வேறு ஊருக்கு வேலை தேடிப் போனார். போனவர் போனவர்தான். யாராவது துக்கம் விசாரிக்கிற குரலில் அதைப் பற்றிக் கேட்டால், "அது ஒண்ணுதான் நான் தேய்க்காம தானா போன கறை" என்பாள். கேட்டவர்களுக்குச் சிரிப்பதா வேண்டாமா என்று தெரியாது.

அவளுக்கு இருந்ததெல்லாம் ஒரு தம்பி. அம்மா செத்தபோது இவளுக்குப் பதினைந்து, அவனுக்கு நாலு. அப்பா பஸ் டெப்போவில் பஸ் கழுவுகிறவர். பிள்ளையைத் தூக்கத் தெரியாத மனிதர். அதனால் தூக்கியது, ஊட்டியது, பள்ளிக்கூடத்துக்கு இழுத்துப் போனது, பரீட்சையில் கோட்டை விட்டபோது முதுகில் இரண்டு வைத்தது எல்லாம் இவள்தான். படிப்பு ஏறவில்லை, கைவேலை ஏறியது. வெல்டிங் பட்டறை வைத்தான். ஜன்னல் கம்பி, மாடிப்படிக் கைப்பிடி, இரும்புக் கதவு. என் வீட்டு ஜன்னலுக்கும் அவன்தான் கம்பி போட்டான். "தம்பி, ஒரு பக்கம் இறங்கியிருக்கே" என்றேன். தள்ளி நின்று ஒரு கண்ணை மூடிப் பார்த்தான். "கம்பி நேராத்தான் இருக்குக்கா. உங்க வீடுதான் சாஞ்சிருக்கு" என்றான். இன்றைக்கும் அந்த ஜன்னலைத் திறக்கிறபோது நானும் ஒரு கண்ணை மூடிப் பார்க்கிறேன்.

கூட்டுப்படை வந்தது பஸ் நிலையத்தில் குண்டு வெடித்த வருடம். பொய் சொல்லக் கூடாது, நாங்களும் கைதட்டித்தான் வரவேற்றோம். ஐந்து நாட்டு ராணுவம் ஒன்றாகச் சேர்ந்து பயங்கரவாதத்தை ஒழிக்கப் போகிறது, இந்த வட்டாரத்துக்கே இனிப் பாதுகாப்பு என்றார்கள். மூடிக் கிடந்த நூல் மில்லைச் சுற்றி முள்கம்பி போட்டு உள்ளே உட்கார்ந்தார்கள். ஐந்து நாட்டுக்காரனுக்கும் ஐந்து கொடி, ஐந்து சாப்பாடு, ஐந்து கோபம். அழுக்கு மட்டும் ஒரே அழுக்கு. அதை வெளுக்க ஆள் தேடியபோது ஆஸ்பத்திரியில் கறையக்காவின் பெயரைச் சொன்னார்கள். அவள் என்னையும் இன்னும் நான்கு பேரையும் இழுத்துக்கொண்டு உள்ளே போனாள்.

அங்கே எந்தச் சட்டைக்கும் பெயர் கிடையாது. காலருக்கு உள்ளே ஒரு தையல் அடையாளம்தான். நூலின் நிறம் நாட்டைச் சொல்லும், எண் ஆளைச் சொல்லும். சிவப்பு நூல் பன்னிரண்டு, பச்சை நூல் அறுபது, இப்படி. எந்த எண் யார் என்ற பதிவேடு கிடங்கு சார்ஜென்டின் இரும்பு அலமாரியில் இருந்தது. பாதுகாப்புக்காக அப்படி என்றார்கள். ஒன்பது வருடத்தில் நாங்கள் அவர்களுடைய வேர்வையை வைத்தே ஆளை அடையாளம் சொல்வோம், ஆனால் ஒருத்தன் பெயரும் தெரியாது.

இன்னொரு சட்டமும் இருந்தது. வெள்ளைத் துணிக்குப் போடுகிற வெளுப்புப் பொடி யூனிஃபார்ம் பக்கமே போகக் கூடாது. படுக்கை விரிப்புக்கு, மேஜைத் துணிக்கு மட்டும். அலமாரியில் நடுவே சிவப்புக் கோடு போட்டுப் பிரித்து வைத்திருந்தார்கள். ஏன் என்று முதல் நாளே சார்ஜென்ட் காட்டினார். எங்களைக் கிடங்குக்குள் கூட்டிப்போய்க் கதவு ஜன்னலெல்லாம் சாத்தி, இருட்டில் பார்க்கிற கருவியைக் கையில் கொடுத்தார். இரண்டு சட்டை தொங்கியது. ஒன்று இருட்டோடு இருட்டாக இருந்தது. பொடியில் துவைத்த இன்னொன்று டியூப்லைட் மாதிரி எரிந்தது. "பகல்ல ரெண்டும் ஒண்ணு. ராத்திரி இது போட்டவன் செத்தான்" என்றார். எங்கள் பேச்சை அவர் அப்படிக் கடித்துத் துப்பித்தான் பேசுவார். "எதிரிகிட்டயும் இந்தக் கருவி இருக்கு. ஒரு தடவை ஏறின பொடி போகாது."

"போகாதா?" என்று கறையக்கா கேட்டாள். போகாத கறை ஒன்று உலகத்தில் இருப்பது அவளுக்கு அவமானமாக இருந்தது.

இனி அந்த நாளுக்கு வருகிறேன். 

வழக்கம்போல காலை ஆறு மணிக்கு உள்ளே போனோம். போனை வாசலில் பெட்டியில் வைத்துப் பூட்டிவிட்டுத்தான் போக வேண்டும், சாப்பாட்டு நேரத்தில்தான் மறுபடி கைக்கு வரும். எட்டரைக்கு அழுக்கு மூட்டைகள் வந்தன. நீல நூல் மூட்டையைப் பிரித்த கறையக்கா ஒரு சட்டையை உதறி விரித்தாள். வலது தோளிலிருந்து முழங்கை வரைக்கும் செங்காவி நிறத்தில் அப்பியிருந்தது. இரும்புக்குத் துருப்பிடிக்காமல் அடிக்கிற பிரைமர். பாதி காய்ந்தும் காயாமலும் இருந்தது. நீல நூல் நாற்பத்தொன்று.

"எந்த மகராசன் எந்தக் கதவுல போய்ச் சாஞ்சானோ" என்றாள்.

"விடுக்கா, இது போகாது. ஓரமா வை" என்றேன். என் நாக்கு கருநாக்காக இருந்திருக்கக் கூடாதா! போகாது என்ற சொல்லைக் கேட்டால் அவளுக்கு வெறி வந்துவிடும். கறையைக் கண்டால் அவள் கை சும்மா இருக்காது. பஞ்சில் தின்னரை நனைத்து, கீழே பழைய துணி கொடுத்து, ஓரத்திலிருந்து நடுவுக்கு ஒற்றி ஒற்றி எடுத்தாள். பிறகு சோப்பு, பிறகு பிரஷ், மறுபடி தின்னர். முக்கால் மணி நேரம் போயிற்று. கடைசியில் சட்டையை வெளிச்சத்தில் பிடித்து என்னிடம் காட்டினாள். எந்தத் தோளில் இருந்தது என்றே சொல்ல முடியவில்லை. "போகாதாம்ல" என்று சிரித்தாள். அவள் அப்படிச் சிரித்ததை நான் பார்த்தது அதுதான் கடைசி.

பன்னிரண்டரைக்கு வாசலில் அவள் தன் போனை எடுத்தபோது அதில் நாற்பது அழைப்பு.

விடியற்காலையில் கூட்டுப்படை பட்டறையைச் சுற்றி வளைத்திருக்கிறது. அங்கே நிறைய சிலிண்டர் வந்து இறங்குகிறது என்று யாரோ போன் போட்டுச் சொன்னார்களாம். வெல்டிங் பட்டறையில் சிலிண்டர் இல்லாமல் சிம்மாசனமா இருக்கும்? அவசர வேலை என்று தம்பி அங்கேயே படுத்திருந்தான். தூக்கத்திலிருந்து எழுந்து உட்கார்ந்தவனை உட்கார்ந்த இடத்திலேயே சுட்டுவிட்டார்கள். மூன்று குண்டு. வெடிகுண்டு செய்கிற சாமான் எதுவும் அங்கே இல்லை என்று மத்தியானமே அவர்களுக்குத் தெரிந்துவிட்டது.

நாங்கள் போனபோது உடலை எடுத்துப் போயிருந்தார்கள். தெருவெல்லாம் கூட்டம். அவள் கூட்டத்தைப் பார்க்கவில்லை, தரையைக்கூடப் பார்க்கவில்லை. பட்டறைக் கதவையே பார்த்துக்கொண்டு நின்றாள். புதுக் கதவு. முந்தின நாள் சாயங்காலம்தான் மாட்டி, பிரைமர் கெட்டியாக அடித்திருக்கிறான். தாழ்ப்பாள்கூட இன்னும் வைக்கவில்லை. விரலால் தள்ளியிருந்தால் திறந்திருக்கும். அதைத் தோளால் இடித்திருக்கிறார்கள். இடித்த இடத்தில் பிரைமர் வழித்தெடுத்தது போலப் போயிருந்தது. சட்டையின் நெசவு, தோள்பட்டைத் தையல், எல்லாம் அச்செடுத்த மாதிரி அதில் பதிந்திருந்தது.

கறையக்கா தன் வலது கையைத் தூக்கிப் பார்த்தாள். நகக்கண்ணில் அந்தச் செங்காவி இன்னும் இருந்தது.

"நானே கழுவிட்டேன்டி" என்றாள். சத்தமே இல்லாமல் சொன்னாள். "என் கையாலயே கழுவிட்டேன்."

விசாரணை மூன்று வாரம் நடந்தது. ஐந்து நாட்டிலிருந்தும் ஐந்து அதிகாரிகள் நீள மேஜையில் உட்கார்ந்தார்கள். சிவப்பு நூல்காரர்கள் நாங்கள் தெருமுனையில் நின்றோம் என்றார்கள். பச்சை நூல்காரர்கள் வண்டியை விட்டே இறங்கவில்லையாம். நீல நூல்காரர்கள் பின்பக்கச் சுவரைக் காவல் காத்தார்களாம். இப்படி ஐந்து பேரும் கையை விரித்தார்கள். கேட்டால், அன்றைக்கு அந்தப் பட்டறைக்குள் யாருமே நுழையவில்லை, குண்டு தானாக நடந்து போயிருக்கிறது.

கறையக்கா எழுந்து நின்றாள். "நீல நூல் நாற்பத்தொண்ணு. அந்தச் சட்டையில பிரைமர் இருந்துச்சு. வலது தோள். நான் பார்த்தேன். அவன் பேரைச் சொல்லுங்க, அவனைக் கூப்பிடுங்க" என்றாள்.

மொழிபெயர்ப்பாளர் சொல்லி முடித்ததும் சட்டையைக் கொண்டுவரச் சொன்னார்கள். கொண்டு வந்தார்கள். நடுவில் உட்கார்ந்திருந்த அதிகாரி அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார், மூக்கில் வைத்து முகர்ந்தார், ஜன்னல் பக்கம் பிடித்துப் பார்த்தார். பிறகு ஏதோ சொன்னார். மொழிபெயர்ப்பாளர் தலையைக் குனிந்துகொண்டார்.

"என்ன சொல்றாரு?" என்றாள்.

"உங்க வேலை ரொம்பச் சுத்தம்னு சொல்றார்ம்மா."

மேஜையில் இரண்டு பேர் சிரித்தார்கள். எவன் சிரித்தான் என்று எனக்குத் தெரியும். அந்த முகம் இரண்டையும் சாகிறவரைக்கும் மறக்க மாட்டேன்.

தீர்ப்பு வந்தது. உள்ளே நுழைந்தது யார் என்று உறுதி செய்ய முடியவில்லை, ஆகவே இது கூட்டுப் பொறுப்பு என்று எழுதியிருந்தார்கள். கூட்டுப் பொறுப்பு என்றால் என்ன என்று எனக்கு அன்றைக்குத்தான் புரிந்தது. ஒருத்தனுக்கும் பொறுப்பில்லை என்று அர்த்தம். பேருக்கு ஒரு தண்டனையாக நீல நூல்காரர்களுக்கு இரண்டு மாதம் இரவு வேலை கிடையாது என்றார்கள். கறையக்காவை வேலையை விட்டு நிறுத்துவார்கள் என்று நினைத்தோம். நிறுத்தவில்லை. நிறுத்தினால் தப்பை ஒப்புக்கொண்ட மாதிரி ஆகிவிடும் என்று எந்தப் புத்திசாலியோ யோசித்திருக்கிறான். நல்லெண்ணத்துக்கு அடையாளமாக வேலையிலேயே வைத்திருக்கிறோம் என்று சொல்லி அவளை நிற்கவைத்துப் போட்டோகூட எடுத்தார்கள்.

நானாக இருந்தால் அந்தக் கேமராவைப் பிடுங்கி உடைத்திருப்பேன். "எப்படிக்கா வாயை மூடிட்டு நிக்கிற?" என்று அவளிடம் சண்டைக்கே போனேன்.

"ரத்தக் கறைக்குச் சூடு காட்டக் கூடாதுடி" என்றாள்.

அடுத்த வாரம் நீல நூல் மூட்டை வந்தபோது நாற்பத்தொன்றாம் எண் சட்டையையும் கால்சட்டையையும் மட்டும் தனியே எடுத்தாள். தனி வாளியில் போட்டாள். அலமாரிக்குப் போனாள். சிவப்புக் கோட்டுக்கு அந்தப் பக்கம் கையை நீட்டி வெளுப்புப் பொடி டப்பாவை எடுத்தாள். இரண்டு கரண்டி போட்டுக் கலக்கி, முழங்கை வரை கையை விட்டு அமுக்கினாள்.

நான் இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டுப் பார்த்தேன். அவளும் என்னைப் பார்த்தாள். தடுத்தாயா என்று பிறகு போலீஸும் கேட்டது, என் வீட்டுக்காரரும் கேட்டார். தடுக்கவில்லை. தடுக்க வேண்டும் என்று தோன்றவே இல்லை. உப்பைத் தின்றவன் தண்ணீர் குடிக்கட்டும் என்றுதான் தோன்றியது. அலசிப் பிழிந்து அவள் கொடுத்ததை நான் மடிப்புக் கலையாமல் இஸ்திரி போட்டு அடுக்கினேன். அவன் சட்டைக்கு அன்றைக்குப் போட்ட மாதிரி நேர்த்தியான மடிப்பை நான் யாருக்கும் போட்டதில்லை.

ஏழு வாரம் இப்படிப் போயிற்று. ஏழு சலவை. வீட்டில் அவள் சாப்பிட்டாளா தூங்கினாளா என்று தெரியாது. வேலைக்கு வந்தால் நாள் எண்ணுவாள். இரண்டு மாதத் தடை முடிய இன்னும் இத்தனை நாள், முடிந்ததும் அவனை இரவில் அனுப்புவார்கள், இருட்டில் அவன் ஒருத்தன் மட்டும் எரிவான். "எவனாவது ஒருத்தன் பார்த்தாப் போதும்" என்பாள்.

"பக்கத்துல நடக்கிறவனும் சேர்ந்துதானே சாவான்?" என்று ஒரு நாள் கேட்டுவிட்டேன்.

"என் தம்பி பக்கத்துல யாராவது நடந்தாங்களா?" என்றாள்.

எட்டாவது வாரம் பச்சை நூல்காரன் ஒருவன் சாலையில் கண்ணிவெடியில் செத்தான். சவப்பெட்டி மேல் போர்த்துகிற கொடி எங்களிடம் வந்தது. சுருக்கம் ஒன்றுகூட இருக்கக் கூடாது என்று சொல்லி அனுப்பியிருந்தார்கள். பெரிய கொடி, ஒற்றை ஆளால் முடியாது. அவள் ஒரு முனையைப் பிடித்துக்கொள்ள, நான் இஸ்திரி போட்டேன். மைதானத்தில் ஒலிபெருக்கி வைத்திருந்தார்கள். செத்தவன் பெயரைச் சொன்னார்கள். அப்பா பெயர், அம்மா பெயர், எந்த ஊர், எந்தப் பள்ளியில் படித்தான், எவ்வளவு தைரியமானவன், எல்லாம் சொன்னார்கள். மொழிபெயர்ப்பாளர் அதை எங்கள் பேச்சிலும் சொன்னார். கறையக்கா கையில் இருந்த கொடி முனையைக் கசக்கிப் பிடித்தாள்.

"என்னக்கா?"

"நான் முட்டாளுடி" என்றாள். "ஏழு வாரமா முட்டாளா இருந்திருக்கேன். அவன் செத்தா அவனுக்கும் இதேதான். கொடி போர்த்துவாங்க. மாவீரன்னு சொல்லுவாங்க. அந்தக் கொடியையும் நான்தான் இப்படிப் பிடிச்சுக்கிட்டு நிப்பேன், நீதான் தேய்ப்பே. என் தம்பியைக் கொன்னவன்னு எவன் சொல்லுவான்?"

கொடி கருகிவிடாமல் நான் இஸ்திரிப் பெட்டியைத் தூக்கி நிறுத்தினேன்.

"எனக்கு அவன் சாவு வேணாம். சாவு அவனுக்கு லாபம். எனக்கு அவன் பேரு வேணும். இவனுங்க வாயாலயே வேணும், இவனுங்க கையெழுத்தோட வேணும்."

மனம் இரங்கிவிட்டாள், மன்னித்துவிட்டாள் என்று பிற்பாடு ஒரு பத்திரிகையில் எழுதினார்கள். எழுதியவனுக்கு ஒரு மண்ணும் தெரியாது. அவள் கோபம் அன்றைக்குத்தான் கெட்டிப்பட்டது.

தடை முடிந்தது. மறுநாள் இரவு வேலை இருக்கிறது, நீல நூல் கட்டு முதலில் வேண்டும் என்று கிடங்கு சார்ஜென்ட் ஆள் அனுப்பினார். கட்டை அவளே தூக்கிக்கொண்டு போனாள். பின்னாலேயே நானும் ஓடினேன். பகல் பதினொரு மணி. சார்ஜென்ட் கணக்குப் பார்க்கக் கையை நீட்டினார். அவள் கொடுக்கவில்லை.

"கதவைச் சாத்துங்க. கருவியைக் கொண்டு வாங்க" என்றாள்.

"ஏன்?"

"சாத்துங்க, சொல்றேன். உங்க அஞ்சு பேரையும் வரச் சொல்லுங்க. விசாரணையில உட்கார்ந்தாங்களே, அவங்களை."

அவள் முகத்தில் என்ன கண்டாரோ, அந்த மனிதர் மறுபேச்சுப் பேசாமல் போனை எடுத்தார். கால் மணி நேரத்தில் ஐந்து அதிகாரிகளும் கிடங்கில் நின்றார்கள். ஜன்னல்களைச் சாத்தினார்கள். கருவி கை மாறிக் கை மாறிப் போனது. அவள் கட்டைப் பிரித்து அலமாரியில் அடுக்கிய அறுபது சட்டையில் மூன்று சட்டை எரிந்தது. மூன்றும் நாற்பத்தொன்று. உங்கள் வேலை ரொம்பச் சுத்தம் என்று சொன்னவரிடம்தான் கருவி கடைசியாக வந்தது. அவர் அதைக் கண்ணிலிருந்து எடுக்கவே இல்லை.

"நான்தான் பண்ணேன்" என்றாள் கறையக்கா. "ஏழு தடவை. அவன் சாகணும்னு பண்ணேன். இந்தக் கறை போகாது. இதையும் மோந்து பாருங்க."

மொழிபெயர்ப்பாளர் ஒரு வார்த்தை விடாமல் சொன்னார். அந்த ஆளுக்கு அன்றைக்குக் குரல் நன்றாகவே வந்தது.

பிறகு நடந்ததுதான் அவள் எதிர்பார்த்தது. முன்பு ஐந்து பேரும் கையை விரித்தார்கள், இப்போது ஐந்து பேரும் கையை நீட்டினார்கள். சலவைக்கூடத்தைக் கண்காணிக்கவில்லை என்று பழி தன் மேல் விழுந்துவிடக் கூடாதே என்று ஒவ்வொருவனும் முந்திக்கொண்டான். படைவீரரின் உயிருக்கு உலை வைத்த சதி, வழக்குப் போட்டே தீர வேண்டும் என்று நீல நூல் அதிகாரிதான் பெரிதாகக் குதித்தார். ஆத்திரக்காரனுக்குப் புத்தி மட்டு என்று சும்மாவா சொன்னார்கள். உள்ளூர்ப் பெண் மீது உள்ளூர் ஸ்டேஷனில்தான் வழக்குப் போட முடியும். அவளையும் சாட்சி என்று என்னையும் வண்டியில் ஏற்றிக்கொண்டு அங்கே போனார்கள்.

ஸ்டேஷன் ரைட்டர் ஓய்வு பெற இன்னும் மூன்று மாதம் இருக்கிற ஆள். எதற்கும் அவசரப்படாதவர். பேனாவைத் திறந்து, தாளைச் சரிசெய்து, "யாரோட சட்டை?" என்றார்.

"நீல நூல் நாற்பத்தொன்று" என்றார் சார்ஜென்ட்.

ரைட்டர் பேனாவைக் கீழே வைத்தார். "சார், நூலுக்கெல்லாம் கேஸ் போட முடியாது. உயிருக்கு ஆபத்துன்னு எழுதச் சொல்றீங்க. யார் உயிருக்கு? பாதிக்கப்பட்டவர் பேர் வேணும், அப்பா பேர் வேணும், வயசு, ஊர் வேணும். அது இல்லாம கோர்ட்டு வாங்காது."

"பாதுகாப்புக் காரணம்" என்றார் நீல நூல் அதிகாரி, மொழிபெயர்ப்பாளர் வழியாக.

"அப்போ கேஸ் வேணாம். அம்மா, நீங்க வீட்டுக்குப் போலாம்" என்றார் ரைட்டர்.

அதிகாரி வெளியே போய் யாரிடமோ போனில் பேசினார். உள்ளே வந்தார். மறுபடி வெளியே போனார். கறையக்கா பெஞ்சில் முதுகைச் சாய்க்காமல் உட்கார்ந்திருந்தாள். மூன்றாவது முறை உள்ளே வந்தவர் ஒரு காகிதத்தை மேஜையில் வைத்தார். ரைட்டர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு எழுத்துக் கூட்டி உரக்கப் படித்தார். பெயர். தகப்பன் பெயர். வயது இருபத்தாறு. ஊர்.

"இன்னொரு தடவை சொல்லுங்கய்யா" என்றாள் கறையக்கா.

ரைட்டர் நிமிர்ந்து பார்த்தார். பிறகு நிதானமாக இன்னொரு தடவை படித்தார். அவள் உதடு கூடவே அசைந்தது. குற்றவாளிக்கு ஒரு நகல் கொடுக்க வேண்டும் என்பது சட்டம். கொடுத்தார்கள். அதை நான்காக மடித்து ரவிக்கைக்குள் வைத்துக்கொண்டாள். என்னை யாரோ கேட்டபோது, "இவளுக்கு ஒண்ணும் தெரியாது, இஸ்திரி போடத்தான் தெரியும்" என்று என்னைத் தப்பவைத்தாள். அதற்காக அவளைத் திட்டவும் செய்தேன், அழவும் செய்தேன்.

வழக்கு நடந்தது. ஏன் அவன் சட்டையை மட்டும் பொடியில் துவைத்தாள் என்று கோர்ட்டில் கேட்டே ஆக வேண்டுமல்லவா? கேட்டார்கள். அவள் சொன்னாள். தம்பி பெயர், பட்டறை, பிரைமர், கதவு, எல்லாம் கோர்ட்டு ஏட்டில் ஏறியது. பாதிக்கப்பட்டவன் வாக்குமூலம் தர வேண்டும் என்று நீதிபதி உத்தரவு போட்டார். அதற்குள் அவனை ஊருக்கு அனுப்பிவிட்டிருந்தார்கள். அங்கிருந்து அவன் கையெழுத்துப் போட்டு ஒரு பக்கத்தில் பதில் வந்தது. அன்றைக்கு முதலில் உள்ளே போனது நான், சுட்டது நான், அவன் கையில் ஒன்றும் இல்லை என்பதைப் பிறகு பார்த்தேன் என்று எழுதியிருந்தான். மனசாட்சி உறுத்தியதா, சத்தியத்துக்குப் பயந்தானா, எனக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள ஆசையும் இல்லை. அவனை எவனும் தண்டிக்கவில்லை. இவளுக்கு மட்டும் பதினொரு மாதம் கொடுத்தார்கள். தீர்ப்பைக் கேட்டுவிட்டு, அந்தப் பதிலுக்கும் ஒரு நகல் வேண்டும் என்று வக்கீலிடம் கேட்டாள்.

வெளியே வந்த மறுநாள் பக்கத்துத் தெரு வெல்டிங்காரரைக் கூட்டிக்கொண்டு பட்டறைக்குப் போனாள். கதவு அப்படியே இருந்தது. தோள் பதிந்த இடமும் அப்படியே இருந்தது. அதற்குக் கீழே வெல்டிங் கம்பியை உருக்கிப் புடைப்பாக எழுத்து எழுதச் சொன்னாள். மேலே எங்களுக்குப் புரிகிற எழுத்தில், கீழே அவர்களுக்குப் புரிகிற எழுத்தில். பெயர், தகப்பன் பெயர், ஊர். பெயரை நான் இங்கே எழுதப் போவதில்லை. வேண்டுமானால் வந்து படித்துக்கொள்ளுங்கள், கதவு தெருவைப் பார்த்துத்தான் இருக்கிறது.

இரண்டு முறை யாரோ வந்து அதன் மேல் சாம்பல் நிறப் பெயிண்ட் அடித்துவிட்டுப் போனார்கள். அவளிடமா பெயிண்ட்? தின்னரும் பஞ்சும் எடுத்துக்கொண்டு உட்கார்ந்து, ஓரத்திலிருந்து நடுவுக்கு ஒற்றி எடுத்தாள். தோள் தடம் மட்டும் கலைந்துவிடாமல் பார்த்துப் பார்த்து எடுத்தாள். "மட்டமான சரக்குடி. நல்ல பெயிண்ட்கூட வாங்க வக்கில்ல" என்றாள்.

போன வாரம் அவள் மிச்சப் பெயிண்டை ஒற்றிக்கொண்டிருக்க, நான் அங்கே இருந்தபோது கூட்டுப்படை வண்டி ஒன்று மெதுவாக வந்து நின்றது. ஒரு சிப்பாய் இறங்கினான். புதிதாக வந்தவன் போல. கதவருகே போய் விரலால் தடவித் தடவித் தன் எழுத்தில் இருந்ததைப் படித்தான். திரும்பி எங்களைப் பார்த்து, அரைகுறையாகக் கற்றுக்கொண்ட எங்கள் பேச்சில் கேட்டான்.

"யாரு இது?"

கறையக்கா பஞ்சைக் கீழே வைக்கவில்லை.

"தட்டாம வந்தவன்" என்றாள்.